2112-ஆம் ஆண்டிலிருந்து ஒரு பாட்டு

கிள்ளான் நிலையத்தில் கொமுட்டர் இரயிலில் ஏறினால் கே.எல். சென்ட்ரல் போய்ச் சேர ஏறத்தாழ ஒரு மணி நேரம் ஆகும். காலை வேளையில் அந்த இரயிலில் அமர்ந்திருக்கும் இளையோரைக் கவனித்துப் பாருங்கள். பெரும்பாலோர் காதில் பாடல் ஒலித்துக்கொண்டிருக்கும். ஒரு தமிழ்த் திரைப்பாடல் முடிந்ததும் ஒரு மலாய்ப் பாடல் வரும். அதன்பின் ஒரு கொரியப் பாடல் வரும். ஒன்றுக்கும் மற்றொன்றுக்கும் தொடர்பு இராது. அடுத்துக் கேட்க வேண்டிய பாடலை அவர்களுள் பலர் தாமே தேர்ந்தெடுப்பதும் இல்லை. திறன்பேசியில் உள்ள செயலியே அதைத் தேர்ந்தெடுத்துக் கொடுத்துவிடுகிறது.

1976-ஆம் ஆண்டில், கனடா நாட்டைச் சேர்ந்த மூன்று இளைஞர்கள் ஒரு கற்பனை செய்தார்கள். அது கி.பி. 2112-ஆம் ஆண்டு. மக்கள் படிக்க வேண்டியதையும் பார்க்க வேண்டியதையும் கேட்க வேண்டியதையும் மாபெரும் கணினிகளே முடிவு செய்கின்றன. சாதாரண மக்களுள் எவருக்கும் இசைக்கருவி என்றால் என்னவென்றே தெரியாது. இந்தக் கற்பனையை அவர்கள் புதினமாக எழுதவில்லை, திரைப்படமாக எடுக்கவுமில்லை. இசைத்தட்டின் ஒரு பக்கம் முழுவதையும் நிறைக்கும் ஒரே பாடலாக அதைப் பாடினார்கள். அந்த இசைக்குழுவின் பெயர் 'ரஷ்'. 36 ஆண்டுகள் கழித்து, அறுபது வயதை நெருங்கிய நிலையில், அதே மூவரும் இன்னொரு கற்பனை உலகத்தைப் படைத்தார்கள். இவ்விரண்டு படைப்புகளையும் பற்றி அறிந்துகொள்வோம்.

தொகையும் தொடரும்

பல பாடல்களை ஒன்றுசேர்த்து வெளியிடுவதை இசைத்தொகுப்பு என்கிறோம். பெரும்பாலான இசைத்தொகுப்புகளில் ஒவ்வொரு பாடலும் தனித்து நிற்கும். ஒன்று காதலைப் பாடும். மற்றொன்று நட்பைப் பாடும். பாடல்களின் வரிசையை மாற்றினாலும் பொருள் கெடாது. ஆனால், சில தொகுப்புகளில் முதற்பாடல் முதல் இறுதிப் பாடல் வரை ஒரே கதையோ ஒரே கருத்தோ தொடர்ந்து செல்லும். இடையில் ஒரு பாடலை நீக்கினால், நாவலில் ஓர் அத்தியாயத்தைக் கிழித்தது போல் ஆகிவிடும். இத்தகைய தொகுப்பை மேலைநாட்டார் 'கான்செப்ட் ஆல்பம்' என்பர்.

தமிழ் மாணவர்களுக்கு இந்த வேறுபாடு புதியது அன்று. தண்டியலங்காரம் என்னும் அணியிலக்கண நூல் செய்யுளை முத்தகம், குளகம், தொகைநிலை, தொடர்நிலை என நான்காக வகுக்கிறது. தனியே நின்று பொருள் முடியும் ஒரு செய்யுள் முத்தகம். பல செய்யுள்கள் ஒருவினை கொண்டு முடிந்தால் அது குளகம். தனித்தனிச் செய்யுள்களைத் தொகுத்து வைத்தால் அது தொகைநிலை. குறுந்தொகையும் புறநானூறும் அவ்வாறு அமைந்தவை. செய்யுள்கள் பொருளாலோ சொல்லாலோ ஒன்றையொன்று பற்றித் தொடர்ந்தால் அது தொடர்நிலை. சிலப்பதிகாரம் போன்ற காப்பியங்கள் பொருளால் தொடர்வன. ஆகவே, சாதாரண இசைத்தொகுப்பைத் தொகைநிலை என்றும், 'கான்செப்ட் ஆல்பம்' என்பதைத் தொடர்நிலை இசைத்தொகுப்பு என்றும் நாம் அழைக்கலாம்.

இசைத்தட்டு தந்த இடம்

தொடர்நிலை இசைத்தொகுப்பு தோன்றுவதற்குத் தொழில்நுட்பமும் ஒரு காரணம். பழைய இசைத்தட்டு நிமிடத்திற்கு 78 முறை சுழன்றது. அதன் ஒரு பக்கத்தில் மூன்று அல்லது நான்கு நிமிடப் பாடல் ஒன்றுக்குத்தான் இடம் இருந்தது. அவ்வளவு சிறிய இடத்தில் நீண்ட கதையைச் சொல்ல முடியாது. 1948-ஆம் ஆண்டில் அமெரிக்காவில் நீள்நேர இசைத்தட்டு அறிமுகமானது. அது மெதுவாகச் சுழன்றது. அதன் வரிப்பள்ளங்கள் நுண்ணியவை. ஆகையால், ஒரு பக்கத்தில் இருபது நிமிடங்களுக்கும் மேலாக இசையைப் பதிவு செய்ய முடிந்தது.

இடம் கிடைத்ததும் கலைஞர்கள் அதைப் பயன்படுத்தத் தொடங்கினார்கள். 1955-இல் பிராங்க் சினாட்ரா, நள்ளிரவுத் தனிமை என்ற ஒரே உணர்வைச் சுற்றி ஒரு தொகுப்பைப் பாடினார். 1967-இல் பீட்டில்ஸ் குழுவினர், தம்மையே வேறொரு கற்பனை இசைக்குழுவாகப் பாவித்துப் பாடினார்கள். 1969-இல் 'தி ஹூ' என்ற குழு, 'டாமி' என்ற தொகுப்பில் பார்வையும் கேள்வியும் பேச்சும் இழந்த ஒரு சிறுவனின் கதையைச் சொன்னது. ரஷ் குழுவினர் இந்த வழியில்தான் நடந்தார்கள்.

குடியேறியவர்களின் பிள்ளைகள்

ரஷ் இசைக்குழு 1968-இல் கனடாவின் டொரன்டோ நகரில் தொடங்கப்பட்டது. இன்று தமிழர்கள் பெருந்தொகையாக வாழும் நகரம் அது. குழுவின் பாடகரும் பேஸ் கிதார்க் கலைஞருமான கெடி லீயின் பெற்றோர் போலந்து நாட்டு யூதர்கள். இரண்டாம் உலகப் போரின்போது நாசிப் படையினரின் வதைமுகாம்களில் அடைபட்டு, உயிர் தப்பிக் கனடாவுக்கு வந்தவர்கள். அவருடைய இயற்பெயர் கேரி. தாயார் தம் நாட்டு உச்சரிப்பில் அப்பெயரை அழைத்தபோது அது 'கெடி' என்று ஒலித்தது. நண்பர்கள் அதையே பெயராக்கிவிட்டார்கள். கிதார்க் கலைஞர் அலெக்ஸ் லைப்சனின் பெற்றோர் யூகோஸ்லாவியாவிலிருந்து குடியேறியவர்கள். 'லைப்சன்' என்பதுகூட அவருடைய செர்பியக் குடும்பப் பெயரின் பொருளை ஒட்டி ஆங்கிலத்தில் அமைத்துக்கொண்ட பெயர்தான். இருவரும் பள்ளித் தோழர்கள்.

1974-இல் நீல் பியர்ட் என்ற டிரம்ஸ் கலைஞர் குழுவில் சேர்ந்தார். அதற்கு முன்பு அவர் தம் தந்தையின் கடையில் வேளாண் இயந்திர உதிரிப் பாகங்களை விற்றுக்கொண்டிருந்தார். அவர் நிறைய நூல்களைப் படிப்பவர். அதனால், பாடல் வரிகளை எழுதும் பொறுப்பு அவரிடம் வந்து சேர்ந்தது. மேளம் வாசிப்பவரே பாடலாசிரியராகவும் இருந்தது அந்தக் குழுவின் தனிச்சிறப்பு.

குடியேறியவர்களின் பிள்ளைகள், வந்த மண்ணின் இசையைத் தமதாக்கிக்கொள்வது நம் நாட்டிலும் நிகழ்ந்ததுதான். பினாங்கில் பிறந்த லோகநாதன், டேவிட் ஆறுமுகம் சகோதரர்கள் 'அலிகேட்ஸ்' குழுவின் வழியாக மலாய்ப் பாடல்களைப் பாடி, மலேசியர் அனைவரின் அன்பையும் பெற்றார்கள். 2006-இல் யோகி பி, நட்சத்ரா குழுவினருடன் சேர்ந்து வெளியிட்ட 'வல்லவன்', தமிழ்ச் சொல்லிசையைக் கடல் கடந்து தமிழ்நாட்டுக்கும் கொண்டு சென்றது.

கடைசி வாய்ப்பு

1975-இல் ரஷ் குழுவினர் வெளியிட்ட மூன்றாவது தொகுப்பு தோல்வியடைந்தது. அதில் நீண்ட கதைப்பாடல்கள் இருந்தன. வானொலி நிலையங்கள் அவற்றை ஒலிபரப்ப விரும்பவில்லை. இசை நிகழ்ச்சிகளுக்கும் கூட்டம் குறைந்தது. தாங்கள் சாக்கடையில் வழுக்கிப் போகிறோம் என்ற பொருளில் அந்தப் பயணத்துக்குக் குழுவினரே கேலியாக ஒரு பெயர் சூட்டிக்கொண்டார்கள். ஒலிப்பதிவு நிறுவனத்தார், "சிறிய பாடல்களைப் பாடுங்கள்; வானொலிக்கு ஏற்றவாறு பாடுங்கள்," என்று நெருக்கினர். அடுத்த தொகுப்பும் விற்காவிட்டால் ஒப்பந்தம் முறிந்துவிடும் நிலை. நீல் பியர்ட் மீண்டும் இயந்திரக் கடைக்குத் திரும்ப வேண்டியிருக்கும்.

மூவரும் கலந்து பேசினார்கள். எப்படியும் தோற்கப்போகிறோம் என்றால், பிறர் சொன்னதைச் செய்து தோற்பதைவிட நமக்குப் பிடித்ததைச் செய்து தோற்கலாம் என்ற முடிவுக்கு வந்தார்கள். அந்த முடிவிலிருந்து பிறந்ததுதான் '2112'. அதன் தலைப்புப் பாடல் இருபது நிமிடங்களுக்கும் சற்று அதிகமாக நீள்கிறது. ஏழு பகுதிகளைக் கொண்டது. நிறுவனம் எதை வேண்டாம் என்றதோ அதையே முன்பைவிடப் பெரிதாகச் செய்தார்கள்.

அருவிக்குப் பின்னால் ஒரு கிதார்

கதை இதுதான். எதிர்காலத்தில் கோள்களை எல்லாம் ஒரு கூட்டரசு ஆள்கிறது. சிரிங்ஸ் என்ற கோவில்களின் குருமார்கள், மாபெரும் கணினிகளைக் கொண்டு மக்களின் வாழ்க்கையை நடத்துகிறார்கள். எவருக்கும் பசி இல்லை, சண்டை இல்லை. ஆனால், எவரும் தாமாக எதையும் படைப்பதும் இல்லை.

ஒரு நாள், ஓர் இளைஞன் அருவிக்குப் பின்னால் உள்ள குகையில் ஒரு பழங்காலப் பொருளைக் காண்கிறான். அது ஒரு கிதார். அதன் பெயரோ பயனோ அவனுக்குத் தெரியாது. கம்பியைத் தொடுகிறான், ஓசை எழுகிறது. ஆணிகளைத் திருகுகிறான், ஓசை மாறுகிறது. மெல்ல மெல்லத் தன் உள்ளத்தில் தோன்றும் இசையைத் தானே எழுப்பக் கற்றுக்கொள்கிறான். கணினி தரும் இசையைவிட இது முற்றிலும் வேறாக இருக்கிறதே என்று வியக்கிறான். குருமார்கள் தன்னைப் பாராட்டுவார்கள் என்று நம்பி, அதை அவர்களிடம் கொண்டு செல்கிறான். அவர்களோ, "இது பழைய உலகை அழித்த வீண் பொருள், நமக்குத் தேவையில்லை," என்ற போக்கில் பேசி, கிதாரை உடைத்து நொறுக்குகிறார்கள். பின்னர், கலையும் அறிவும் செழித்திருந்த ஓர் உலகத்தை அவன் கனவில் காண்கிறான். விழித்ததும் தன் உலகின் வெறுமையைத் தாங்க முடியாமல் மனமுடைந்து மாண்டுபோகிறான். இறுதியில் போர் மூள்கிறது. ஆட்சி தங்கள் கைக்கு வந்துவிட்டதாக ஒரு குரல் அறிவிக்கிறது. அந்தக் குரல் யாருடையது என்பதைப் பாடல் வெளிப்படையாகச் சொல்வதில்லை. விடுதலை அளிக்க வந்தவர்களின் குரல் என்பார் சிலர். வேறொரு கொடியவர் கூட்டத்தின் குரல் என்பார் வேறு சிலர்.

இக்கதை முழுக்க முழுக்கப் புதியது என்று கூற முடியாது. அயின் ராண்ட் என்ற எழுத்தாளரின் 'ஆந்தம்' என்ற குறுநாவலிலும், மக்கள் மறந்துபோன ஒரு பொருளை ஒருவன் மீண்டும் கண்டுபிடித்து அவையினரிடம் கொண்டு செல்கிறான். அந்த ஒற்றுமையை உணர்ந்த நீல் பியர்ட், இசைத்தொகுப்பிலேயே அவ்வெழுத்தாளருக்குக் கடன்பட்டிருப்பதைக் குறிப்பிட்டார். அதற்காகச் சில விமரிசகர்கள் குழுவினரைக் கடுமையாகச் சாடினார்கள். அவ்வெழுத்தாளரின் அரசியல் கருத்துகள் பலருக்கு உடன்பாடானவை அல்ல. எனினும், பிறரிடமிருந்து பெற்றதை மறைக்காமல் சொல்வது படைப்பாளிக்கு அழகு.

நிறுவனம் அஞ்சியதற்கு மாறாக, '2112' வெற்றி பெற்றது. ஒருவர் சொல்ல மற்றவர் கேட்டு, அது பரவியது. அதன்பின், எப்படிப் பாட வேண்டும் என்று அவர்களிடம் எவரும் கட்டளையிடவில்லை. கதையில் இளைஞன் தோற்றான். கதையைப் பாடிய இளைஞர்கள் வென்றார்கள்.

ஒலி எவ்வாறு கதை சொல்கிறது?

ரஷ் குழுவின் இசையை 'ஹார்ட் ராக்' வகையில் சேர்ப்பர். உரத்த மின்கிதாரும் வலுவான தாளமும் இதன் அடையாளம். மின்கிதாரின் உலோகக் கம்பிகளுக்குக் கீழே காந்தமும், அதைச் சுற்றி மெல்லிய செம்புக் கம்பிச் சுருளும் இருக்கும். கம்பி அதிரும்போது காந்தப்புலம் மாறுகிறது. சுருளில் சிறிய மின்னோட்டம் உண்டாகிறது. இயற்பியல் பாடத்தில் வரும் மின்காந்தத் தூண்டல் இதுவே. ஒலிபெருக்கி அந்த மின்னோட்டத்தைப் பெரிதாக்குகிறது. அதன் கொள்ளளவுக்கு மேல் பெருக்கினால், ஒலியலையின் முகடுகள் வெட்டுப்படும். அப்போது ஓசை கரகரப்பாகவும் கனமாகவும் மாறும். ஹார்ட் ராக் கலைஞர்கள் இதை வேண்டுமென்றே செய்கிறார்கள்.

இந்தக் கனத்த ஓசையும் மென்மையான ஓசையும் '2112'-இல் கதைமாந்தர்களாகவே ஆகிவிடுகின்றன. குருமார்கள் பேசும்போது கிதார் கரகரக்கிறது. கெடி லீயின் குரல் உச்சத்தில் கீச்சிடுகிறது. இளைஞன் பேசும்போது கிதார் மெலிந்து இனிமையாகிறது, குரலும் தணிகிறது. அவன் கிதாரைக் கண்டெடுக்கும் பகுதியைக் கேட்டால், முதலில் நீரோசை கேட்கும். பிறகு சுருதி சேராத கம்பிகள் ஒவ்வொன்றாக ஒலிக்கும். மெதுவாகச் சுருதி கூடும். பின்னர் ஓர் இனிய இசை உருவாகும். இசைக்கருவியையே அறியாத ஒருவன் இசையைக் கற்பதை, அங்கு ஒரு சொல்கூட இல்லாமல் நாம் காதால் 'பார்க்கிறோம்'. தெருக்கூத்தில் முகவீணையும் மத்தளமும் கட்டியங்காரனுக்கு ஒரு விதமாகவும் அரசனுக்கு ஒரு விதமாகவும் ஒலிப்பதை நினைத்துப் பாருங்கள். நுட்பம் ஒன்றே.

இருண்ட ஆண்டுகள்

ஆண்டுகள் உருண்டன. ரஷ் உலகப் புகழ்பெற்ற குழுவானது. நாற்பது வயதைக் கடந்த பிறகு, உலகின் சிறந்த டிரம்ஸ் கலைஞர்களுள் ஒருவர் என்று பெயர் பெற்றிருந்த நீல் பியர்ட், பிரெடி குரூபர் என்ற ஆசிரியரிடம் சென்று மாணவராக அமர்ந்தார். குச்சியைப் பிடிக்கும் முறை முதற்கொண்டு எல்லாவற்றையும் மீண்டும் கற்றுக்கொண்டார். கற்றவர் என்ற பெருமை கற்பதற்குத் தடையாக அவர் இடம் கொடுக்கவில்லை.

ஆனால், 1997-இல் அவருடைய ஒரே மகள் சாலை விபத்தில் இறந்தாள். ஏறத்தாழ பத்து மாதங்கள் கழித்து மனைவியும் புற்றுநோயால் காலமானார். நீல் பியர்ட் தம் நண்பர்களிடம், தாம் இசையிலிருந்து ஓய்வு பெற்றுவிட்டதாகவே எண்ணிக்கொள்ளும்படி கூறினார். ஒரு மோட்டார் சைக்கிளில் ஏறி, வட அமெரிக்கா முழுவதும் தனியே சுற்றினார். ஏறத்தாழ 88,000 கிலோமீட்டர் தூரம் பயணம் செய்தார். கெடி லீயும் அலெக்ஸ் லைப்சனும் அவரை அவசரப்படுத்தவில்லை. அவருடைய இடத்தில் வேறொருவரை அமர்த்தவும் இல்லை. காத்திருந்தார்கள். 2002-இல் மூவரும் மீண்டும் ஒரு புதிய தொகுப்பை வெளியிட்டார்கள்.

கடிகாரத் தேவதைகள்

2012-ஆம் ஆண்டு ஜூன் மாதம், ரஷ் குழுவின் 19-ஆவது தொகுப்பு வெளிவந்தது. அதன் பெயர் 'கிளாக்வொர்க் ஏஞ்சல்ஸ்'. கடிகாரப் பொறியால் இயங்கும் தேவதைகள் என்று பொருள்படும். ஒரு மணி நேரத்திற்கும் சற்று அதிகமாக நீளும் இத்தொகுப்பில் 12 பாடல்கள் உள்ளன. பன்னிரண்டும் சேர்ந்து ஒரே கதையைச் சொல்கின்றன.

இந்த எதிர்காலம் விண்கலங்களும் கணினிகளும் நிறைந்தது அன்று. நீராவி எஞ்சின்களும் பற்சக்கரங்களும் இரசவாதமும் உலகை ஆளும் எதிர்காலம் அது. பத்தொன்பதாம் நூற்றாண்டு மனிதர், 'நாளைய உலகம் இப்படித்தான் இருக்கும்' என்று கனவு கண்டிருந்தால் எப்படி இருந்திருக்குமோ, அப்படிப்பட்ட உலகம். இத்தகைய கற்பனையை 'ஸ்டீம்பங்க்' என்பர். நம் பகுதிக்கும் ஒரு நீராவிக் காலம் இருந்தது. 1886-இல் கோலாலம்பூரிலிருந்து கிள்ளானை அடுத்த புக்கிட் கூடா வரை இரயில் ஓடத் தொடங்கியது. அந்தப் பாதைகளிலும் பிரிக்பீல்ட்ஸ் பணிமனைகளிலும் உழைத்தவர்களுள் தமிழர்கள் பலர். அந்தக் காலத்து எஞ்சின்கள் வானில் பறக்கும் கப்பல்களாக வளர்ந்திருந்தால் என்று எண்ணிப் பாருங்கள். இக்கதையின் உலகம் உங்கள் கண்முன் வந்துவிடும்.

அந்த உலகத்தைக் கடிகாரக்காரன் என்ற ஒருவன் ஆள்கிறான். விதைப்பது, அறுப்பது, மழை பெய்வது என எல்லாம் அவன் குறித்த நேரத்தில் நடக்கின்றன. நடப்பவை எல்லாம் நன்மைக்கே என்று நம்பும்படி மக்கள் வளர்க்கப்படுகிறார்கள். ஒரு சிற்றூர் இளைஞன் மட்டும், அடிவானத்திற்கு அப்பால் என்ன இருக்கிறது என்று அறிய ஆசைப்பட்டு, இரவில் ஊரை விட்டுப் புறப்படுகிறான். பெருநகரத்தில் கடிகாரத் தேவதைகளைக் கண்டு வியக்கிறான். கேளிக்கைச் சந்தை ஒன்றில் வேலை செய்யும்போது, அனைத்தையும் அழிக்கத் துடிக்கும் ஒரு கலகக்காரன் விரித்த வலையில் சிக்குகிறான். கூட்டத்தினர் இவனையே குற்றவாளி என்று எண்ண, தப்பி ஓடுகிறான். பொன் நகரங்களைத் தேடிப் பாலைவனத்தில் அலைகிறான், ஒன்றும் கிடைக்கவில்லை. கடலில் செல்லும்போது, புயல் இரவில் கரையில் ஒரு விளக்கு தெரிகிறது. அது கப்பலைக் காக்க ஏற்றிய விளக்கு அன்று. பாறையில் மோதச் செய்து கொள்ளையடிப்பதற்காக ஏற்றிய பொய் விளக்கு. கப்பல் உடைகிறது, இவன் மட்டும் பிழைக்கிறான். துறைமுக நகரில் வாழும் நமக்கு, கலங்கரை விளக்கம் பொய் சொன்னால் என்ன ஆகும் என்பது எளிதில் விளங்கும்.

இத்தனைக்கும் பிறகு அவன் முதுமை அடைகிறான். தன்னை ஏமாற்றியவர்களைப் பழிவாங்க நினைக்கவில்லை. அவர்களும் நலமாக இருக்கட்டும் என்று எண்ணி விலகிப் போகிறான். கடைசிப் பாடலில் அவன் ஒரு தோட்டத்தைப் பராமரித்துக்கொண்டிருக்கிறான். 1759-இல் வால்டேர் எழுதிய 'கான்டீட்' என்ற புகழ்பெற்ற பிரெஞ்சுக் கதையும் இவ்வாறே ஒரு தோட்டத்தில் முடிகிறது. நீல் பியர்ட் அக்கதையை ஒரு முன்மாதிரியாகக் கொண்டிருந்தார்.

இந்தத் தொகுப்பு கனடாவின் விற்பனைப் பட்டியலில் முதலிடத்தையும் அமெரிக்கப் பட்டியலில் இரண்டாமிடத்தையும் பெற்றது. 2013-இல் சிறந்த ராக் தொகுப்புக்கான கனடாவின் ஜூனோ விருதையும் வென்றது. கெவின் ஜே. ஆண்டர்சன் என்ற எழுத்தாளர் இக்கதையைப் புதினமாகவும் எழுதினார். மூவரும் சேர்ந்து உருவாக்கிய கடைசிப் புதுத் தொகுப்பு இதுவே. 2015 ஆகஸ்டு 1-ஆம் நாள் லாஸ் ஏஞ்சல்ஸ் வட்டாரத்தில் மூவரும் கடைசியாக ஒன்றாக மேடையேறினார்கள். 2020 ஜனவரி 7-ஆம் நாள், தம் 67-ஆவது வயதில் நீல் பியர்ட் மறைந்தார்.

கடிகாரம் காட்டும் நேரம்

'கிளாக்வொர்க் ஏஞ்சல்ஸ்' தொகுப்பின் அட்டையில் ஒரு கடிகாரம் உள்ளது. எண்களுக்குப் பதிலாக அதில் இரசவாதக் குறியீடுகள் இருக்கின்றன. முட்கள் காட்டும் நேரம் 9.12. அதை இரவு நேரமாகக் கொண்டு 24 மணிக் கணக்கில் எழுதினால் 21:12 ஆகும். பழைய படைப்பைப் புதிய படைப்பு நினைவுகூர்கிறது.

இரண்டு கதைகளையும் பக்கத்தில் வைத்துப் பாருங்கள். இரண்டிலும் எல்லாவற்றையும் முடிவு செய்யும் ஓர் ஆட்சி உண்டு. கேள்வி கேட்கும் ஓர் இளைஞன் உண்டு. முதற்கதையை எழுதியபோது நீல் பியர்டுக்கு 23 வயது. அவர் படைத்த இளைஞன், உலகம் தன்னை ஏற்காததால் மனமுடைந்து மடிகிறான். இரண்டாம் கதை வெளிவந்தபோது அவருக்கு 59 வயது. மகளையும் மனைவியையும் பறிகொடுத்துவிட்டு, நெடுந்தூரம் பயணம் செய்து திரும்பி வந்தவர் அவர். அவர் படைத்த இளைஞன் ஏமாறுகிறான், இழக்கிறான், தவறு செய்கிறான், ஆனால் வாழ்கிறான். இழப்பு வரும் என்பதை இரண்டு கதைகளும் மறைக்கவில்லை. இழப்புக்குப் பிறகும் ஒரு தோட்டம் உண்டு என்பதை இரண்டாம் கதை சொல்கிறது.

நம் குகையில் இருந்த யாழ்

நேரத்தால் மனிதரை ஆளும் கடிகாரக்காரன் நம் வரலாற்றில் இல்லாதவன் அல்லன். கிள்ளான் வட்டாரத் தோட்டங்களில் வாழ்ந்த மூத்தோரிடம், விடியுமுன் ஒலித்த பெரட்டு மணியைப் பற்றிக் கேட்டுப் பாருங்கள். இருள் விலகும் முன்பே பெரட்டுக் களத்தில் வரிசையில் நின்று பேர் கொடுக்க வேண்டும். மணி அடித்தால் வேலை. மணி அடித்தால் ஓய்வு. அந்த வாழ்க்கையிலும் மாலையில் உருமியும் தப்பும் ஒலித்தன. மணி அடித்தவர்களுக்கு உட்படாத ஒரு நேரத்தை அம்மக்கள் தம் இசையால் உண்டாக்கிக்கொண்டார்கள்.

மறந்துபோன இசைக்கருவியைக் கண்டெடுத்தவனும் நம்மிடையே இருந்தார். சிலப்பதிகாரத்தில் கோவலனும் மாதவியும் மீட்டிய யாழ், பின்வந்த நூற்றாண்டுகளில் வழக்கொழிந்தது. அதன் வடிவம் எப்படி, நரம்புகளில் சுரங்கள் எப்படி அமைந்தன என்பவை தெளிவற்றுப் போயின. இலங்கையின் கிழக்குக் கரையில் பிறந்த விபுலானந்த அடிகள், பழந்தமிழ் நூல்களின் வரிகளையும் கணிதத்தையும் கொண்டு அதைத் தேடினார். அவருடைய பல்லாண்டு உழைப்பு 'யாழ் நூல்' என்ற பெரு நூலாக 1947 ஜூன் மாதம் அரங்கேறியது. அடுத்த மாதமே அவர் மறைந்தார். அருவிக்குப் பின்னால் கிதாரைக் கண்ட இளைஞனின் கருவியைக் குருமார்கள் உடைத்தார்கள். அடிகள் கண்டெடுத்ததையோ அறிஞர்கள் போற்றி ஏற்றார்கள். ஒரு கருவி மீண்டும் வாழ, கண்டுபிடிப்பவர் மட்டும் போதாது. அதைப் பெற்றுக்கொள்ளும் சமுதாயமும் வேண்டும்.

தொடர்நிலை இசைத்தொகுப்பும் நமக்கு எட்டாத ஒன்றன்று. 1992-இல் சிங்கப்பூரில் தொடங்கப்பட்ட 'ருத்ரா' என்ற மெட்டல் இசைக்குழு, 2005 முதல் 2011 வரை 'பிரம்மவித்யா' என்ற பொதுப்பெயரில் மூன்று தொகுப்புகளை வெளியிட்டது; இந்திய மெய்யியலே அவற்றை இணைக்கும் சரடு. நம் நாட்டுப் பால்மரக் காட்டையும், இரயில் பாதையையும், துறைமுகத்தையும் பற்றிப் பன்னிரண்டு பாடல்களில் ஒரு கதை சொல்ல ஒருவர் முன்வரலாம். அவர் இன்று உங்கள் வகுப்பிலேயே இருக்கலாம்.

2112-ஆம் ஆண்டு இன்னும் வரவில்லை. அப்போது நம்மில் எவரும் இருக்கமாட்டோம். உங்கள் பேரப்பிள்ளைகள் முதியவர்களாக இருப்பார்கள். அவர்கள் எதைக் கேட்பார்கள், எந்த மொழியில் பாடுவார்கள் என்பதை இன்று எந்தக் கணினியாலும் சொல்ல முடியாது. நாம் எதைக் கற்று, எதை அவர்கள் கையில் கொடுத்துவிட்டுப் போகிறோம் என்பதைப் பொறுத்தது அது. அடுத்த முறை கொமுட்டர் இரயிலில் ஏறும்போது, அடுத்த பாடலை நீங்களே தேர்ந்தெடுங்கள்.

சிந்தித்துப் பேசுவோம்

1. தொகைநிலைக்கும் தொடர்நிலைக்கும் உள்ள வேறுபாட்டை, நீங்கள் கேட்ட இசைத்தொகுப்பு ஒன்றைக் கொண்டு விளக்குக.

2. '2112' கதையின் இறுதியில் கேட்கும் குரல் யாருடையது என்று நீங்கள் கருதுகிறீர்கள்? காரணம் கூறுக.

3. நிறுவனத்தின் சொல்லை ரஷ் குழுவினர் ஏற்றிருந்தால் அது தவறாகுமா? இரு தரப்பு நியாயங்களையும் சீர்தூக்கிப் பேசுக.

4. உங்கள் குடும்பத்து மூத்தவர் ஒருவரிடம், அவருடைய இளமைக் காலத்தில் ஒலித்து இன்று கேட்கப்படாத ஓர் ஓசையைப் பற்றிக் கேட்டறிந்து, ஒரு பத்தியில் எழுதுக.